ஆறாம் நாள் சூப்

எனக்குப் பக்தி உண்டு. ஆனால் காரியம் இருந்தால்தான் வரும். தொண்ணூறுகளின் நடுவில், என் மனைவி கலா கொழும்பில் கனடா விசாவுக்காகக் காத்திருந்தாள். அது கிடைக்க வேண்டுமென்று, கந்தசஷ்டி ஆறு நாளும் விரதம் இருப்பதாக முருகனுக்கு வாக்குக் கொடுத்தேன். (முருகனுக்கு மட்டுமா? ரொறன்ரோக் கோயிலில் பாதிச் சனத்துக்கும் நானே சொல்லித் திரிந்தேன்.)

பாலும் பழமுமாக ஐந்து நாள் ஓடியது. ரொறன்ரோவின் பார்க்டேல் பகுதியில் என்னோடு அறையில் இருந்த சிவமண்ணை வடை பொரித்தபோது, "அண்ணை, மணக்கிறதும் விரதத்துக்குக் கூடாது" என்று புத்திமதி வேறு சொன்னேன். அவ்வளவு திமிர்!

நான் ரெஸ்ரோரன்ட் ஒன்றில் சூப் காய்ச்சுபவன். ஐந்து நாளும் பாத்திரம் கழுவுபவனைக் கொண்டுதான் ருசி பார்த்தேன். ஆறாம் நாள், சூரன்போர் அன்று காலை, பழகிய கை தன்பாட்டில் கரண்டியைத் தூக்கியது. ஊதினேன், உறிஞ்சினேன், உப்புக் காணாதென்று உப்பும் போட்டேன். பிறகுதான் உறைத்தது. ஐயோ, மாட்டிறைச்சி சூப்!

பின்னேரம் வாடகை மண்டபத்தில் சூரன்போர். சனம் "அரோகரா" என்று கத்தியது. எனக்கு வாய் திறக்கவில்லை. வேல் சூரனை விட்டுவிட்டு என்னைத் தேடி வருமோ என்று பயந்தேன். கலாவின் விசாவை ஒரு வாய் சூப்பில் தொலைத்துவிட்டேன் என்றே நம்பினேன்.

மறுநாள் காலை பாறணை. விரதகாரர் எல்லோரும் ஒன்றாக இருந்து சாப்பிட்டு விரதம் முடிக்கும் பந்தி அது. சிவமண்ணை என்னைப் பிடித்து முன்வரிசையில் இருத்தினார்.

"உவர் மனிசிக்காக ஆறு நாள் கிடந்தவர். வடிவாப் போடுங்கோ!"

சோற்றில் கை வைக்க முடியவில்லை. எழுந்து ஓடி, தெருமுனை ஃபோனில் கொழும்புக்கு எடுத்தேன்.

"கலா, நான் விரதத்தை முறிச்சுப்போட்டன். மாட்டிறைச்சி சூப் குடிச்சிட்டன். விசா வராட்டி என்ர பிழைதான்."

கலா உடனே கேட்டாள்.

"எத்தினையாம் நாள்?"

"ஆறாம் நாள்."

"அட, அது பரவாயில்லை. இஞ்சருங்கோ, நானும் உங்களுக்குச் சொல்லாமல் விரதம் பிடிச்சனான். ரெண்டாம் நாளே பசி தாங்காமல் கொத்துரொட்டி சாப்பிட்டிட்டன். விசா வராட்டி என்ர பிழை எண்டு இஞ்ச நான் அழுதுகொண்டிருக்கிறன்!"

அப்பாடா! நெஞ்சிலிருந்த பாரம் அப்படியே இறங்கியது. திரும்பிப் போய் மூன்று தரம் சோறு வாங்கிச் சாப்பிட்டேன்.

தைப்பொங்கலுக்கு முன்பே விசா வந்துவிட்டது. இப்போது எங்கள் வீட்டில் யாராவது விரதம் பிடிக்கப்போவதாக வாய் திறந்தால் போதும், மகள் கேட்பாள்:

"எவ்வளவு நாளைக்கு? சூப் வரைக்குமோ, கொத்துரொட்டி வரைக்குமோ?"