கொழுமோவுக்குள் கோஸு

என் வீட்டில் அரிசிக்குத் தடை. கோதுமைக்குத் தடை. கம்பு, சோளம், குதிரைவாலி என்று தானியம் எந்த வேஷத்தில் வந்தாலும் வாசலோடு சரி. தடை போட்டவள் என் மனைவி தங்கச்செல்வி. காரணம், என் ரத்தத்தில் ஓடும் சர்க்கரை. டாக்டர் "அரிசியைக் குறைங்க" என்றுதான் சொன்னார். செல்வியின் காதில் அது "ஒழிங்க" என்று விழுந்துவிட்டது.

"நீங்க திங்காதத நானும் திங்க மாட்டேன்" என்று அவளும் சேர்ந்துகொண்டாள். பெரிய கொடுமை அதுதான். தியாகியிடம் எப்படிச் சண்டை போடுவது?

அருப்புக்கோட்டையில் சேலைக்கடை வைத்திருக்கிறேன். எதிரே இருளப்பசாமியின் புரோட்டாக் கடை. கொத்துப் புரோட்டாச் சத்தம் கேட்டால் போதும், எனக்கு வியாபாரம் மறந்துவிடும். அன்றைக்கு ஒரு அம்மா, "இந்தச் சேலை என்ன விலை?" என்று கேட்டார். "முட்டை போட்டதா, போடாததா?" என்று கேட்டேன். அந்த அம்மா அடுத்த கடைக்குப் போய்விட்டார்.

அன்றைக்கே முடிவு செய்தேன். புரோட்டா தின்பது. அதுவும் என் வீட்டில், என் மனைவியின் கண் முன்னால்!

இருளப்பசாமியிடம் போனேன். அவன் கையெடுத்துக் கும்பிட்டான்.

"உதயகுமாரு, ஆள விடு. ஒனக்கு எல போட்டா கடை வாசல்லயே வந்து உக்காந்துருவேன்னு ஒங்க வீட்ல சொல்லிருக்காக."

"எல வேணாம்ப்பா. பார்சல்?"

யோசித்தான். "பார்சல் தாரேன். அது யாரு வாய்க்குப் போகுதுன்னு நான் பாக்க மாட்டேன்."

வீட்டுக்கு வந்து அறிவித்தேன்.

"செல்வி, ஞாயித்துக்கிழமை சமையல் என்னோடது. மொமோ செய்யப் போறேன்."

"மொமோவா? மாடு கத்துன மாதிரி இருக்கு."

"பஸ்டாண்டு பக்கம் வடக்கத்திப் பையங்க வண்டில விக்கிறாங்கல்ல, அது. அவுக மைதாவுல செய்வாக. நான் பனங்கிழங்கு மாவுல செய்வேன். ஒரு தானியம் கிடையாது. பாதி நம்ம கொழுக்கட்டை, பாதி அவுக மொமோ. பேரு கொழுமோ!"

என்னை மேலும் கீழும் பார்த்தாள். "ஏற்கனவே கொழுத்துத்தான இருக்கீக."

"உள்ள வெறும் கோஸுதான் வைக்கப் போறேன். ஆனா ஒண்ணு, நீ அடுப்படிப் பக்கமே வரக்கூடாது."

"சரிங்க" என்றாள்.

உடனே சொன்னாள். சிரித்துக்கொண்டே சொன்னாள். கல்யாணம் ஆனதிலிருந்து அவள் இப்படி ஒரே சொல்லில் ஒத்துக்கொண்டதே இல்லை. நான் அங்கேயே சுதாரித்திருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சேலைப் பைக்குள் கறிக் கொத்துப் புரோட்டாப் பொட்டலத்தை வைத்துக்கொண்டு அடுப்படிக்குள் நுழைந்து கதவைச் சாத்தினேன். பரளச்சியிலிருந்து மச்சினன் கொடுத்துவிட்ட பனங்கிழங்கு மாவு தயாராக இருந்தது. வெந்நீர் ஊற்றிப் பிசைந்தேன். கோடை காலத்துக் கண்மாய் மாதிரி வெடித்தது. பிறகு மரவள்ளி மாவைக் கலந்தேன். பிடிபட்டுவிட்டது. உருட்டி, வாழையிலையில் தட்டினால் மெத்தென்று விரிந்தது.

செல்விக்குக் கோஸு வைத்து, நம் ஊர்க் கொழுக்கட்டை மாதிரி பாதி நிலாவாக மடித்தேன். எனக்குப் புரோட்டா வைத்து, மொமோ மாதிரி மேலே மடிப்பு வைத்தேன். தினம் நூறு சேலைக்குக் கொசுவம் வைத்துக் காட்டுகிறவனுக்கு இதெல்லாம் ஒரு மடிப்பா? வரிசையாக இட்லிச் சட்டியில் ஏற்றினேன். சால்னா வாசனையை மறைக்கச் சாம்பிராணியும் போட்டேன்.

கதவுக்கு வெளியே குரல். "அடுப்படில எதுக்குங்க சாம்பிராணி?"

"கொசு!"

"பட்டப் பகல்லயா?"

"பகல் கொசு!"

ஒருவழியாகத் தட்டோடு வெளியே வந்தேன். செல்வி கை கழுவித் தயாராக இருந்தாள். பக்கத்தில் எதிர்வீட்டுச் சுகந்தியும் கை கழுவித் தயாராக இருந்தாள்.

"நீங்க மொத மொதச் சமைக்கிறீக. நாலு பேருக்குத் தெரிய வேணாமா?" என்றாள் செல்வி. அவள் கை நேராக மடிப்பு வைத்ததை நோக்கிப் போனது.

"அது காரம், செல்வி! ஒனக்கு ஆகாது. ஒனக்குப் பாதி நிலா."

"எனக்குச் சளி. காரந்தான் நல்லது. நீங்க பத்தியக்காரவுக, நீங்க நிலாவ எடுத்துக்கோங்க."

சொல்லிக்கொண்டே பாதியைத் தன் தட்டிலும் மீதியைச் சுகந்தியின் தட்டிலும் கவிழ்த்தாள். நான் என்ன சொல்ல முடியும்? 'அது என் புரோட்டா' என்றால் மாட்டிக்கொள்வேன். பேசாமல் நிலாவைக் கடித்தேன். மாவு அமிர்தம். உள்ளே கோஸு, கோஸாகவே இருந்தது.

சுகந்தி ஒன்றை வாயில் போட்டாள். கண் விரிந்தது.

"அண்ணே, உள்ள என்னண்ணே?"

"கோஸு."

"கோஸு இப்படிப் பஞ்சாட்டம் இருக்குமா?"

"இது நரிக்குடிக் கோஸும்மா."

"நரிக்குடில ஏதுண்ணே கோஸு? எங்க பெரியம்மா ஊருல்ல அது? அங்க ஆடுதான மேயுது."

"கோஸு இருந்தாத்தான மேயும்!"

அவள் இன்னொன்றைக் கடித்தாள். 'கடக்' என்றது.

"அண்ணே! கோஸுக்குள்ள எலும்பு!"

கறியில் எலும்பைப் பொறுக்கிப் போடாத என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும். "அது... தண்டு. கோஸுத் தண்டு."

செல்வி நிதானமாக மென்று விழுங்கினாள். "ஆமாடி, தண்டுதான். ஓரமா வச்சிட்டுச் சாப்பிடு. அவுக ஆசையாச் செஞ்சிருக்காகள்ல."

அப்பாடா என்றிருந்தது. எவ்வளவு வெள்ளந்தி! என் கண் முன்னால் என் புரோட்டா ஒவ்வொன்றாக மறைந்தது. அதற்குப் பதிலாக மானம் தப்பித்தது என்று மனதைத் தேற்றிக்கொண்டேன். சுகந்தி விரலை நக்கிக்கொண்டே வீட்டுக்குப் போனாள்.

செல்வி எழுந்து கை கழுவினாள். முந்தானையில் துடைத்துக்கொண்டே என்னைப் பார்த்தாள்.

"கொழுமோ ரொம்ப நல்லா இருந்துச்சுங்க. வார ஞாயித்துக்கிழமையும் நீங்களே செஞ்சிருங்க. இருளப்பண்ணங்கிட்ட மட்டும், கோஸ எலும்பில்லாமக் கொத்தச் சொல்லுங்க."