இத்தாலி அண்ணையின் பூத்தட்டம்

மன்னார்த் தீவில் செத்தவர்களையும் இரண்டாம் தரம் நடிக்க வைத்த ஒரே மனிதர் எங்கள் இத்தாலி அண்ணைதான். ஞானஸ்நானப் பெயர் என்று ஒன்று இருந்திருக்கத்தான் வேண்டும். எங்கள் ஊரான தாழ்வுபாட்டில் அதை யாரும் பாவித்ததாக நினைவில்லை.

பன்னிரண்டு வருடம் இத்தாலியில் சாப்பாட்டுக் கடையொன்றில் கோப்பை கழுவியவர். கேட்டால் தான் நடிகன் என்பார். முழுப் பொய் என்றும் சொல்ல முடியாது. அங்கே ஒரு சிரிப்புப் படத்தில், கதாநாயகனுக்குப் பின்னால் தட்டம் ஏந்திப் போகும் ஆளாக வந்திருக்கிறார். வழுக்கி, விழப் பார்த்து, விழாமல் தட்டத்தைக் காப்பாற்றி, யாராவது கண்டுவிட்டார்களோ என்று சுற்றும் முற்றும் பார்க்க வேண்டும். வெட்டி ஒட்டிய பிறகு படத்தில் மிஞ்சியது அவருடைய இடது தோளும் அரைத் தட்டமும்தான். அந்தத் தோளை ஊரே இருபது தரம் பார்த்தது. வெட்டுப்பட்ட மிச்சத்தைக் கல்யாண வீட்டிலும் கருவாடு காயும் கரையிலும் அவரே நடித்துக் காட்டினார். பின்னாளில் இத்தாலிக்கு வந்து சேர்ந்த மகள் ஜெனி தாயை நினைத்து உம்மென்று இருந்தால், அந்த நடைதான் மருந்தாம். முதலில் சிரிப்பாளாம், பிறகுதான் அழுவாளாம், அதற்குப் பிறகு பசிக்கிறது என்பாளாம்.

மனைவி கடும் வருத்தத்தில் படுக்கையில் விழுந்துவிட்டா என்று கேள்விப்பட்டு அண்ணை திரும்பி வந்தார். ஜெனி அங்கேயே வேலையில் நின்றுவிட்டாள். அவளுக்கு விசா சரிவரவில்லை. வெளியே வந்தால் திரும்பிப் போக முடியாது.

வந்தவர் சும்மா இருந்தாரா? போனில் படம் எடுக்கத் தொடங்கினார். நடிகரும் அவரே, நெறியாளரும் அவரே. ஒரு படத்தில் மணப்பெண்ணும் அவரேதான். மனைவியின் கூறைச் சேலையோடு கீரிக் கடற்கரையில் ஓடியவரை நேவிக்காரன் மறித்து அடையாள அட்டை கேட்டான். அட்டையிலும் மீசை, மணப்பெண்ணுக்கும் மீசை. ஆள் சரிதான் என்று ஒத்துக்கொண்டவன், கடைசியில் தானே போனைப் பிடித்துப் படம் எடுத்துக் கொடுத்தான்.

வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகளுக்காகச் செத்த வீடுகளைப் படம் பிடிக்கும் வேலையும் அவரிடமே வந்து சேர்ந்தது. பல படகுகளுக்குச் சொந்தக்காரரான ஒரு சம்மாட்டியாரின் சவப்பெட்டியைத் தூக்கி வாசலுக்குக் கொண்டு வந்த நேரம், மலர்வளையத்தைக் கடித்தபடி ஒரு ஆடு குறுக்கே போனது. அண்ணை கையை உயர்த்தினார்.

"கனடாவில இருக்கிற பிள்ளையள் ஆட்டையோ பாக்கிறது? பெட்டியை ஒருக்கா உள்ளுக்குக் கொண்டு போட்டுத் திரும்பக் கொண்டு வாங்கோ."

கொண்டுபோனார்கள். அழுது ஓய்ந்திருந்த பெண்சாதியும் முதலிலிருந்து அழுதா. நான் அப்போது கோயில் சபைக் காரியதரிசி. ஒழுங்கு கெட்டால் எனக்குக் காய்ச்சல் வரும். பக்கத்து வளவுக்காரன் என்ற உரிமையில் அண்ணையை நன்றாக ஏசினேன். "அந்த மனுசன் உயிரோட இருக்கேக்க இவ்வளவு மரியாதையா ஆரும் தூக்கினதில்லைத் தம்பி" என்றார்.

பிறகு அவருடைய மனைவியே இறந்துபோனா. படத்தைத் தானே எடுப்பேன் என்று நின்றார். வீடியோ அழைப்பில், போனின் மறுபக்கத்தில் ஜெனி. ஒரு சின்ன அறையில், கட்டிலில், தன்னந்தனியாக. அழவில்லை, பேசவில்லை, கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை. இரண்டு நாளாகச் சாப்பிடவும் இல்லையாம்.

அண்ணை போனை என் கையில் தந்தார். பெட்டிக்குப் பக்கத்தில் இருந்த பூத்தட்டத்தை எடுத்தார். நடந்தார், வழுக்கினார், தட்டத்தைக் காப்பாற்றினார், சுற்றும் முற்றும் பார்த்தார்.

செபமாலை அப்படியே நின்றது. அண்ணையின் மைத்துனர் பாய்ந்து அவருடைய சட்டையைப் பிடித்தார். எனக்குக் கோபம் தலைக்கேறி, பட்டென்று போனை அணைத்துவிட்டேன்.

ஏழு மாதம் நான் அவரோடு கதைக்கவில்லை. ஒருநாள் வேலிக்கு அந்தப் பக்கமிருந்து அவராகவே கேட்டார்.

"போன் உன்ரை கையிலதானே இருந்தது. அவள் சிரிச்சவளோ?"

நான் பார்க்கவில்லை. பெட்டியின் மரியாதையைப் பார்த்துக்கொண்டு நின்றவன், பிள்ளையின் முகத்தைப் பார்க்கவில்லை. மகளிடமே கேட்கலாமே என்றேன்.

"கேட்டால் ஓம் எண்டுதான் சொல்லுவாள். சிரிப்பைக் கேட்டு அறியேலாது தம்பி, பாக்க வேணும்."

அவ்வளவுதான் சொன்னார். என்னைத் திட்டியிருக்கலாம். அதற்குப் பிறகு அவர் படம் எதுவும் எடுக்கவில்லை.

போன மாதம் இத்தாலி அண்ணையும் போய்விட்டார். ஜெனிக்கு இன்னும் விசா சரிவரவில்லை. இந்தமுறை போனைப் பிடித்தவன் நான். அதே அறை, அதே கட்டில், அதே சிமிட்டாத கண். சித்தப்பா வந்திருக்கிறேன் அம்மா என்றேன். அசையவில்லை.

போனைக் கதிரையில் சாய்த்து, அவள் முகம் எனக்குத் தெரியும்படி வைத்தேன். பூத்தட்டத்தை எடுத்தேன். பள்ளிக்கூட நாடகத்தில் மரமாகக்கூட நின்றதில்லை நான். சபைத் தலைவர் பார்த்துக்கொண்டிருந்தார், பாதர் பார்த்துக்கொண்டிருந்தார். நடந்தேன். வழுக்குவது போல் நடிக்கப் போய், உண்மையிலேயே வழுக்கி, தட்டத்தோடு நெடுஞ்சாண்கிடையாக விழுந்தேன். பூவெல்லாம் என் தலையில்.

விழுந்த இடத்திலிருந்தே போனைப் பார்த்தேன். முதலில் அவள் வாய்க்கோடி துடித்தது. பிறகு பல் தெரிந்தது. அதற்குப் பிறகுதான் அழத் தொடங்கினாள், வீடே கேட்கும்படி.

மைத்துனர் என்னைத் தூக்கிவிட வந்தார். அவரை விலக்கிவிட்டுப் பெட்டியைப் பிடித்து எழும்பினேன். எழும்பும்போது பெட்டிக்குள் கிடந்தவரின் காதுக்குள் சொன்னேன்.

"அவள் சிரிச்சவள் அண்ணை. நான் பாத்தனான்."