அப்பா மாட்டினதா?

"சார், உங்களுக்கு மாட்டித்தான் அனுப்பியிருக்கோம்" என்றாள் கடையின் தொலைபேசிப் பெண், மூன்றாவது முறையாக.

"என் முன்னாடி துண்டு துண்டா கிடக்குதும்மா. சக்கரம் தனியா, கைப்பிடி தனியா, ஒரு பை நிறைய போல்ட்டு."

"கம்ப்யூட்டர்ல மாட்டினதாத்தான் சார் காட்டுது."

"கம்ப்யூட்டர்ல மாட்டினா குழந்தை எப்படிம்மா ஓட்டும்?"

அந்தப் பெண் சிரிக்கவில்லை. திருப்பி அனுப்பினால் ஒரு வாரத்தில் வேறொன்று வரும் என்றாள். அவர் நன்றி சொல்லிவிட்டுப் போனை வைத்தார். கோபம் வந்தால்கூட நன்றி சொல்லிவிடுகிற மனிதர்.

அலுவலகத்தில் அவருக்கு 'அபாயம்' என்று பெயர். காப்பீட்டு நிறுவனத்தில் விபத்து மனுக்களைப் பரிசீலிக்கும் வேலை. ஒரு ஏணியைப் பார்த்தால் அதிலிருந்து விழப்போகிறவரும் சேர்ந்தே அவர் கண்ணுக்குத் தெரிவார். ஊரார் கைகால் முறிந்த கதைகளைப் படித்துப் படித்து, அவர் முகமும் அந்த மனுக்களைப் போலவே வாடிவிட்டது. இவ்வளவு முன்ஜாக்கிரதைக்காரர் வீட்டில் விபத்து நடக்குமா? நடந்தது. நடத்தியவரும் அவரே.

போன வருடம் மகளுக்கு வாங்கிய சைக்கிளைத் தன் கையாலேயே மாட்டிக் கொடுத்தார். தெருமுனையில் அவள் கைப்பிடியைத் திருப்பினாள். கைப்பிடி திரும்பியது, சைக்கிள் திரும்பவில்லை. மாவுக்கட்டோடு வீடு வந்த எட்டு வயதுப் பெண் அழக்கூட இல்லை. ஆனால் அன்றிலிருந்து ஒரு கேள்வி கேட்க ஆரம்பித்தாள். புது நாற்காலியோ, துடைத்து மாட்டிய மின்விசிறியோ, எதுவானாலும் இரண்டடி தள்ளி நின்று, "அப்பா மாட்டினதா?" என்பாள். ஆமாம் என்றால் அதன் பக்கமே வரமாட்டாள்.

மனைவி நாலு வார்த்தை திட்டியிருந்தால்கூடத் தேவலை. அவள் ஸ்க்ரூடிரைவரை எடுத்துப் பரணில் போட்டுவிட்டு, "இனிமே எதுன்னாலும் ஆளைக் கூப்பிடுங்க" என்றாள், அவ்வளவுதான். பெற்ற பெண்ணே நம்பாத கை இருந்தென்ன, இல்லாமல் போனாலென்ன என்று அவர் எத்தனையோ நாள் தன் உள்ளங்கைகளைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறார்.

அதனால்தான், காலால் தள்ளி ஓட்டுகிற ஸ்கூட்டர் வேண்டும் என்று மகள் கேட்டதும், "கடையிலயே மாட்டி வாங்கிடலாம்" என்று வாக்குக் கொடுத்தார். இன்று வரும் என்று அவளிடம் சொல்லி, விடுப்பும் போட்டுக் காத்திருந்தார். கீழே வைத்துவிட்டதாகச் செய்தி வந்தது. படிக்கட்டுக்கடியில் கிடந்த பெட்டியைத் தூக்கி வந்து, மேலே ஒட்டியிருந்த தாளோடு சேர்த்து நாடாவைக் கிழித்தார். பார்த்தால் இந்தக் கோலம்.

பள்ளிக்கூடம் விட்டதும் தாயும் மகளும் வந்துவிடுவார்கள். ஒரு வாரம் பொறு என்று எந்த முகத்தோடு சொல்வது? தானே மாட்டிவிட்டு, கடையில் மாட்டியது என்று சொல்லிவிட்டால்? நினைத்ததுமே அவருக்கு வியர்த்தது. பிறர் பொய்யைக் கண்டுபிடித்துத்தான் அவருக்குப் பழக்கம், சொல்லிப் பழக்கமில்லை.

பரணில் ஏறி ஸ்க்ரூடிரைவரை இறக்கினார்.

விளக்கப் புத்தகத்தின் முதல் ஆறு பக்கமும் எச்சரிக்கை. அபாயத்துக்கு அது சொந்த ஊர்ப் பேச்சுப் போல இருந்தது. 'கையுறை அணியவும்' என்று இருந்தது. பாத்திரம் கழுவுகிற ரப்பர் உறையைத் தேடிப் போட்டுக்கொண்டார். 'மென்மையான விரிப்பின் மீது வேலை செய்யவும்' என்று இருந்தது. அலமாரியிலிருந்து ஒரு விரிப்பை உருவிப் போட்டார். அது மனைவி இன்னும் விலைச்சீட்டுக்கூடப் பிரிக்காத புது விரிப்பு என்பது, சக்கரத்து மசகு அதில் கறுப்பாக ஊறிய பிறகுதான் தெரிந்தது.

'பெரியவர்களும் ஓட்டலாம்' என்ற வரியின் கீழே, கைப்பிடித் தண்டைக் குழாய்க்குள் இறக்கவும் என்று இருந்தது. தண்டு இறங்க மறுத்தது. சுத்தியலால் ஒரு தட்டுத் தட்டினார்.

மேலே கூரையில் 'தொம்' என்று ஒரு சத்தம்.

அபாயம் அப்படியே உறைந்துபோனார். மேல் வீட்டில் இருப்பவர் ஒரு கிடங்குக் காவலாளி. ஆள் ஆஜானுபாகு. ராத்திரி முழுக்கக் கிடங்கைச் சுற்றிவிட்டுப் பகலில் தூங்குகிறவர். போன மாதம் இவர் சுவரில் ஆணி அடித்தபோது, சிவந்த கண்ணோடு இறங்கி வந்து, "சார், நான் ராத்திரி முழிக்கிற ஜென்மம். தயவு பண்ணுங்க" என்று கும்பிட்டுவிட்டுப் போனார். திட்டியிருந்தால் மறந்திருக்கலாம், கும்பிட்டதுதான் உறுத்தியது. பிறகு படிக்கட்டில் பார்த்தபோதெல்லாம் அவருடைய முட்டி வலியை விசாரித்து, ஸ்கூட்டர் வாங்கப்போகிற சங்கதிவரை எல்லாம் சொல்லி ஒருவாறு சமாதானம் செய்து வைத்திருந்தார். இப்போது மறுபடியுமா?

"மன்னிச்சுக்குங்க" என்றார் கூரையைப் பார்த்து, தனக்கே கேட்காத குரலில்.

பதிலுக்கு மேலே எதையோ தரதரவென்று இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவர்வரை இழுக்கிற சத்தம் கேட்டது. பிறகு மறுபடி 'தொம்'. மனிதர் கோபத்தில் கட்டிலையே இழுத்துப் போடுகிறார் என்று அபாயத்துக்குப் புரிந்துவிட்டது.

இனிச் சத்தம் கூடாது. சுத்தியலுக்குத் துண்டைச் சுற்றினார். துண்டு சுற்றிய சுத்தியல் வழுக்கி, தண்டை விட்டுவிட்டு அவர் முழங்காலில் இறங்கியது. அலறவும் முடியாது. வாயில் கையுறையைக் கடித்துக்கொண்டு அறையை ஒற்றைக் காலில் மூன்று சுற்றுச் சுற்றி வந்தார். அந்த ஆட்டத்தில் காலில் பட்ட போல்ட் ஒன்று உருண்டு குளிர்சாதனப் பெட்டிக்கு அடியில் போய்ச் சேர்ந்தது.

பட்ட காலிலே படும் என்பார்கள். பெட்டியை நகர்த்தினார். போல்ட் கிடைத்தது, பெட்டியின் மின்சாரச் செருகி பிடுங்கிக்கொண்டதை அவர் கவனிக்கவில்லை. பனிக்கட்டி நிதானமாக உருகி, நிதானமாக வழிந்து, விளக்கப் புத்தகத்தின் கடைசிப் பக்கங்களை நனைத்த பிறகுதான் கவனித்தார். கையில் அகப்பட்டதை எடுத்துத் துடைத்தார். அகப்பட்டது அந்தப் புது விரிப்பு.

மேலே தரதர. தொம்.

"நான் ஒண்ணும் பண்ணலையே!" என்றார் கூரையிடம் அழாக்குறையாக. "துடைக்கிறது கூடவா கேக்குது உங்களுக்கு?"

எப்படியோ ஸ்கூட்டர் எழுந்து நின்றது. சக்கரம் சுழன்றது. பின் சக்கரத்து மூடியைக் காலால் மிதித்தால் பிரேக் பிடித்தது. மடக்கும் இடத்தில் கொக்கி சரியாக விழுந்தது. வெண்ணெய் திரண்டு வந்துவிட்டது என்று நிமிர்ந்தபோது, தரையில் ஒரு வாஷர் மிச்சம் கிடந்தது.

வேறு யாராவது என்றால் அதைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு காபி குடிக்கப் போயிருப்பார்கள். அபாயம் அந்த வாஷரைப் பார்த்தார். அதற்குள் தெருமுனை தெரிந்தது. மாவுக்கட்டு தெரிந்தது. அத்தனையையும் கழற்றிவிட்டு முதலிலிருந்து மாட்டினார். மாட்டி முடித்தபோது இரண்டு வாஷர் மிச்சம் இருந்தன.

தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். மூக்கின் நுனியில் ஒரு துளி, வியர்வையோ கண்ணீரோ, அவருக்கே தெரியவில்லை. "ஒரு ஸ்கூட்டர். ஒரே ஒரு ஸ்கூட்டர்" என்று வாய்விட்டுச் சொன்னார். நனைந்த கடைசிப் பக்கத்தை மெல்லப் பிரித்து, மின்விசிறிக்குக் கீழே பிடித்துக் காயவைத்துப் படித்தார். 'கூடுதலாக இரண்டு வாஷர்கள் வைக்கப்பட்டுள்ளன' என்று இருந்தது. ஆக, முதல் தடவை ஒன்றைத் தப்பாகத்தான் போட்டிருக்கிறார், இப்போதுதான் சரி. தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று.

அதற்குப் பிறகும் நம்பவில்லை. ஒவ்வொரு போல்ட்டையும் பெட்டியோடு வந்த, எல் எழுத்துப் போல வளைந்த சாவியால் இன்னொரு தடவை இறுக்கினார். முன் சக்கரத்தை முழங்கால்களுக்கு இடையில் இடுக்கிக்கொண்டு, கைப்பிடியை இப்படியும் அப்படியும் முறுக்கினார். மேலே தூக்கிப் பார்த்தார், உடல் கனத்தையெல்லாம் அதன் மேல் போட்டு அழுத்தினார். ஒரு மயிரிழைகூட அசையவில்லை. அப்புறம் சுத்தியலைத் துணிக்கூடையிலும், விரிப்பை வாளியிலும், காயம்பட்ட முழங்காலை வேட்டிக்குள்ளும் ஒளித்துவைத்தார்.

படிக்கட்டில் மகளின் செருப்புச் சத்தம் கேட்டது.

அவள் வாசலிலேயே நின்றுவிட்டாள். கண் விரிந்தது. ஓடி வரப்போனவள், இரண்டடி தள்ளி நின்றாள்.

"அப்பா மாட்டினதா?"

மனைவியும் அவரைப் பார்த்தாள். அபாயத்துக்கு ஆமாம் என்று சொல்லவேண்டும்போல இருந்தது. எத்தனை முறை இறுக்கினேன் தெரியுமா என்று சொல்லவேண்டும்போல இருந்தது.

"இல்லம்மா. கடையில மாட்டினது."

ஒரு கணம்தான். வீட்டு வாசலுக்கு வெளியே நீண்டு கிடந்த நடைபாதையில் ஸ்கூட்டர் பறந்தது. அபாயம் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். அவள் திரும்பும்போதெல்லாம் கைப்பிடி தனியே வருவது அவர் கண்ணுக்குத் தெரிந்தது. கைப்பிடி வரவில்லை. அவள் திருப்பினாள், ஸ்கூட்டர் திரும்பியது. மிதித்தாள், நின்றது. ஒரு வருடமாக அவர் கேட்காத சிரிப்பை அவள் சிரித்தாள்.

"சூப்பரா இருக்குப்பா! கடைக்காரங்க எவ்வளவு நல்லா மாட்டியிருக்காங்க பாரு!"

"ஆமாம்மா" என்றார். "அவங்க கெட்டிக்காரங்க."

"பார்த்தீங்களா?" என்றாள் மனைவி. "அவங்கவங்க வேலையை அவங்கவங்க பண்ணணும். நீங்க மட்டும் மாட்டியிருந்தீங்கன்னா..." மீதியை அவள் சொல்லவில்லை. சொல்லாததும் அவருக்குக் கேட்டது. வாழ்க்கையில் ஒரே ஒரு வேலையை ஒழுங்காகச் செய்திருக்கிறார். அதையும் முகம் தெரியாத எவனோ ஒரு கடைக்காரனுக்குத் தாரை வார்த்தாகிவிட்டது.

அப்போது மேலே ஒரு 'தொம்'. இதுவரை கேட்டவற்றுக்கெல்லாம் அண்ணன். பிறகு நிசப்தம்.

"என்னங்க அது?" என்றாள் மனைவி.

"என் மேலதான் கோபம்" என்றார் அவர் சோர்வாக. "காலையிலேர்ந்து இப்படித்தான். நான் போய் மன்னிப்புக் கேட்டுட்டு வந்துடறேன்."

அவர் செருப்பைத் தேடுவதற்குள் காவலாளியே நொண்டிக்கொண்டு இறங்கி வந்தார். முழங்கை சிராய்த்திருந்தது. ஒரு கையில் ஒரு ஸ்கூட்டர். இன்னொரு கையில் அதன் கைப்பிடி. கக்கத்தில் ஒரு காலிப் பெட்டி.

"ஐயோ, என்ன ஆச்சுங்க?" என்றாள் மனைவி. "இதேது?"

"அன்னிக்கு சார் சொன்னாரேன்னு நானும் ஒண்ணு வரவழைச்சேன்மா, கிடங்கைச் சுத்தி வர. முட்டி வலி. காலையிலேர்ந்து தூங்காம வீட்டுக்குள்ளேயே ஓட்டிப் பழகிட்டிருந்தேன். சத்தம் தொந்தரவா இருந்திருக்கும், மன்னிச்சுக்குங்க சார்." மூச்சு வாங்கினார். "இது இப்படிப் புட்டுக்கிச்சா? கடைக்குப் போன் பண்ணலாம்னு நம்பரைத் தேடுறேன், அப்பதான் பெட்டியில ஒட்டியிருக்கிற பேரைப் பார்த்தேன். வேலை முடிஞ்சு தூக்கக் கலக்கத்துல வந்தவன், படிக்கட்டுக்கடியில ரெண்டு பெட்டி இருந்துச்சு, ஒண்ணைத் தூக்கிட்டுப் போயிட்டேன்."

மகள் ஸ்கூட்டரை நிறுத்திவிட்டு வந்து, இரண்டடி தள்ளி நின்றாள். மனைவியின் பார்வை மெல்லத் திரும்பி, அவர் நகத்திடுக்கில் இருந்த கறுப்பு மசகில் போய் நின்றது.

காவலாளி கைப்பிடியை நீட்டினார்.

"கடையில மாட்டி அனுப்பின உங்க ஸ்கூட்டர் இதுதான் சார், பாப்பா ஓட்டுறது துண்டு துண்டா வந்த என்னோடது, அதை இவ்வளவு கெட்டியா யாரு மாட்டினாங்களோ, அவங்களையே இதையும் கொஞ்சம் மாட்டித் தரச் சொல்றீங்களா?"