செவ்வாய்க்கிழமைத் தண்ணீர்

சண்டிலிப்பாய்,
செவ்வாய்க்கிழமை காலை.

கனடாவில் வாழும் அன்புள்ள அத்தானுக்கும் அக்காவுக்கும் கதிரவேலு எழுதிக்கொள்வது. நாங்கள் சுகம். உங்கள் சுகத்துக்கும் பிள்ளையாரை மன்றாடுகிறோம். மரியாதை இவ்வளவும் போதும், எனக்குப் பொறுமை இல்லை. எங்கள் மகள் சாருஜாவின் படம் வெளிநாட்டுத் திரைப்பட விழாவுக்குத் தெரிவாகிவிட்டது! "உந்தப் பரிசோதனைப் படத்தை விட்டிட்டு கலியாண வீடியோவாவது எடுக்கச் சொல்லுங்கோ" என்று போன மாதம் எழுதினேனே, அந்தக் கடிதத்தைக் கிழித்துப் போடுங்கள்.

எங்கள் கிணற்றில் மூன்று பங்கு என்பது உங்களுக்குத் தெரியும். எனக்கொன்று, பக்கத்து வளவு சிவசுப்பிரமணியம் அண்ணைக்கொன்று, அக்காவுக்குச் சீதனமாகத் தந்தது ஒன்று. நீங்கள் இங்கே இல்லாததால், உங்கள் முறையான செவ்வாய்க்கிழமையில் யாரும் இறைக்காமல் கிணறு ஆறவேண்டும், இல்லாவிட்டால் உவர் ஏறிவிடும். அண்ணைதான் உங்கள் தண்ணீரைத் திருடுகிறார் என்று ஆறு வருடமாக எழுதிவந்தேன் அல்லவா? சாருஜா கிணற்றுக்குள் நாற்பது நாள் கமராவைத் தொங்கவிட்டாள். கதாநாயகன் இல்லை, பாட்டில்லை, வெறும் தண்ணீர். மூலையில் நாளும் நேரமும் ஓடும். ஞாயிற்றுக்கிழமை வாசிகசாலையில் போட்டுக் காட்டினாள். முதல் பத்து நிமிடம் சனம் இருமிக்கொண்டிருந்தது, எனக்கோ எழும்பி ஓடலாம் போலிருந்தது. திடீரென்று திரையில் செவ்வாய், மத்தியானம் ஒன்று இருபது, ஊரே சாப்பிட்டுக் கண்ணயரும் நேரம், தண்ணீர் மளமளவென்று இறங்குகிறது! "உது ஆரின்ரை முறை?" என்று ஒருவர் கத்த, "கனடாக்காரற்றை முறையெல்லோ!" என்று இன்னொருவர் கத்த, எல்லோரும் அண்ணையைப் பார்க்க, அவர் ஆறுதலாக எழும்பி, "என்ரை மோட்டர் இருமும். உது விசிலடிக்குது, வடிவாக் கேளுங்கோ" என்றார். சபை காதைத் தீட்டியது. என் மனைவி ஞானாம்பிகை சத்தமாக, "ஓம், உது எங்கடை மோட்டர்தான்" என்றாள்.

அத்தான், நான்தான். கனடாவில் உங்களுக்கு எதற்கு இந்தத் தண்ணீர் என்று நினைத்துவிட்டேன். வெட்கமாக இருக்கிறது.

சிரிப்பு அடங்கத் திரையில் தண்ணீரும் அடங்கிக்கொண்டே போனது. நாற்பதாம் நாள் கிணற்றின் அடிப்பாறை தெரிந்தது. அண்ணை மெல்ல, "பிள்ளை, பிறகு ஊறினதோ?" என்று கேட்டார். "படம் அதோடை முடியுது மாமா" என்றாள் சாருஜா. நான் எழுந்து, "இனிச் செவ்வாய்க்கிழமை கிணற்றுக்குத்தான் சொந்தம், இது சத்தியம்" என்றேன். மண்டபம் கைதட்டியது, அத்தான்! அண்ணை வந்து என் கையைப் பிடித்தார். சாருஜா அழுதாள். உங்கள் பங்கைக் கிணற்றுக்கே விட்டுக்கொடுப்பதாக நீங்களும் ஒரு கடிதம் அனுப்புங்கள். அதைப் படத்தின் முடிவில் காட்டி விழாவுக்குக் கொண்டுபோகப் போகிறாள்.

அக்காவுக்கு என் அன்பு, பிள்ளைகளுக்கு ஆசீர்வாதம். முருகன் துணை.

இப்படிக்கு,
திருந்திவிட்ட மைத்துனன்,
கதிரவேலு.

பி.கு.: இப்போது மத்தியானம் இரண்டு மணி. மிளகாய்க் கன்றுகள் தலையைத் தொங்கப்போட்டு நின்றன, பார்க்கச் சகிக்கவில்லை. அரை மணித்தியாலம்தான் மோட்டரைப் போட்டேன். நிறுத்திவிட்டுக் கிணற்றுக்குள் எட்டிப்பார்த்தால் ஒரு சின்னச் சிவப்பு வெளிச்சம். அவள் கமராவைக் கழற்றவே இல்லை! ஆகவே அத்தான், அந்தக் கடிதத்தில் நாளைய திகதியைப் போட்டு, "இந்தப் புதன்கிழமை முதல்" என்று மறக்காமல் எழுதவும்.