கத்தி பிடிக்காத பூசாரி

பலாப்பழத்தைச் சுத்தியலால் திறந்த மனிதன் இந்த உலகத்திலேயே ஒருவன்தான். அவன் மூன்று வருடம் என் அறையில் என்னோடுதான் குடியிருந்தான் என்பதை இப்போதும் கொஞ்சம் எரிச்சலோடுதான் சொல்கிறேன்.

தொண்ணூறுகளின் கடைசி. ஓசூர் பாகலூர் ரோட்டில் மாடியில் ஒற்றை அறை. பக்கத்துப் பேரிகை ஊரிலிருந்து எங்கள் கம்பெனிக்கு வேலைக்கு வரும் ஒருவர் ஆசையாகக் கொடுத்த பழம் அது. கையில் பிசின் ஒட்டாமலிருக்கத் தேங்காயெண்ணெய் வாங்கக் கடைக்குப் போனேன். திரும்பி வருவதற்குள் எட்டு அடி அடித்துவிட்டான். சுவர், மின்விசிறி, நான் தேய்த்து மாட்டியிருந்த வெள்ளைச் சட்டை, எங்கும் பலா. நடுவில் சுத்தியலோடு இவன்.

"ஏல, அருவா மூலையிலதான கெடக்கு? அதுக்கு என்ன கேடு?" என்றேன். எனக்குத் திருநெல்வேலிப் பக்கம்.

"நான் அருவா தொடக்கூடாது மச்சான். நான் பூசாரி கிளாஸ்."

கோயில் பூசாரி என்று நினைத்துவிடாதீர்கள். கோயில் பக்கம் பொங்கல் வாங்கக்கூடப் போகாதவன். சிங்காரப்பேட்டைக்காரன், தொழிற்பேட்டையில் எங்கள் கம்பெனியில் டூல் ஸ்டோர் கீப்பர். வேலை முடிந்ததும் புதிதாகத் திறந்திருந்த பிரவுசிங் சென்டருக்கு ஓடுவான். அங்கே கம்ப்யூட்டரில் ஒரு விளையாட்டு. படம் கிடையாது, சத்தம் கிடையாது. கறுப்புத் திரையில் பச்சை எழுத்து மட்டும். 'நீ குகைக்குள் நிற்கிறாய். கிழக்கே ஒரு பூதம்' என்று இங்கிலீஷில் வரும். இவன் 'அடி' என்று டைப் அடிப்பான். பெயர் தெரியாத தேசங்களில் இருக்கும் மூன்று பேர் அதே நேரத்தில் அதே குகைக்குள் இவனோடு நிற்பார்கள். பூதம் செத்ததா இல்லையா என்று தெரிவதற்குள் சென்டர்காரர் கன்னடத்தில் கூவுவார்: "சார், லைன் ஹோயித்து!" டெலிபோன் லைன் போய்விட்டால் இவன் நாற்காலிக்கும் வாசலுக்குமாக ஐம்பது நடை நடப்பான்.

அந்த விளையாட்டில் சேரும்போதே நீ யார் என்று கேட்கும். அதற்குப் பெயர்தான் கிளாஸ். போர்வீரன் எந்த ஆயுதத்தையும் எடுக்கலாம், ஆனால் மந்திரம் வராது. மந்திரவாதிக்கு மந்திரம் உண்டு, கையில் வெறும் கோல்தான். திருடனுக்குக் குறுங்கத்தியும் கவணும். பூசாரி அடிபட்டவர்களின் காயத்தை ஆற்றுவான். அவனுக்குக் கூரான ஆயுதம் ஆகாது. கதாயுதமோ சுத்தியலோ மட்டும்தான்.

"ஏன் ஆகாது?"

"ரத்தம் சிந்தக்கூடாது மச்சான். பூசாரி இல்ல?"

"கதாயுதத்தால மண்டையைப் பொளந்தா ரத்தம் வராதால?"

"அது வேற ரூல்" என்றான்.

விளையாட்டோடு நின்றிருந்தால் நான் ஏன் இதை எழுதப்போகிறேன்? ஒரு வெள்ளிக்கிழமை காலையில் சவரம் செய்துகொண்டான்; சாயங்காலம் அவனுடைய பூசாரி குகையில் குற்றுயிராகக் கிடந்தான். இவன் விடிய விடிய யோசித்துக் காரணத்தைக் கண்டுபிடித்தான். பிளேடு! அன்றோடு கூரான எதையும் தொடுவதில்லை என்று சபதம். ஒன்றரை வருடம். வெங்காயத்தைக் குத்தித்தான் உடைப்பான். நகத்தைக் கடித்துத் துப்புவான். தாடி நெஞ்சு வரைக்கும் வந்துவிட்டது.

"பார்பர் கத்தி புடிச்சா உன் சபதத்துக்கு என்ன? நீ சும்மாதான இருக்கப்போற?" என்று மடக்கினேன். ஒத்துக்கொண்டு வந்தான். ஆனால் இவனுக்குச் சும்மா இருக்கத் தெரியாதே. நாற்காலியில் கால் ஆடும், அது போய்த் தோள் ஆடும், அது போய்த் தலை ஆடும். இரண்டு நிமிஷத்தில் பார்பர் துண்டை உதறிவிட்டார். "ஐயா, காது போனா நான் பொறுப்பில்ல. கூட்டிட்டுப் போங்க."

கம்பெனியில் இவன் அடித்த கூத்து தனி. எங்கள் டூல் ஸ்டோரில் ஒரு வழக்கம். நம்பர் போட்ட பித்தளை டோக்கனை ஜன்னலில் வைத்தால் கருவி கிடைக்கும். கருவியைத் திருப்பினால் டோக்கன் கிடைக்கும். இவன் அதற்குமேல் ஒரு சட்டம் கொண்டுவந்தான். எண்ணூறு பேருக்கும், ஒருத்தரையும் கேட்காமல், கிளாஸ் போட்டுவிட்டான். வெல்டர்கள் போர்வீரர்கள். எலெக்ட்ரீஷியன்கள் திருடர்கள், அதைக் கேட்டு அவர்கள் அடிக்க வந்தது வேறு கதை. ஒருநாள் ஒர்க்ஸ் மேனேஜரே காலண்டர் மாட்டச் சுத்தியல் கேட்டு வந்து நின்றார்.

"சார், நீங்க மந்திரவாதி கிளாஸ். சுத்தியல் வராது" என்று சொல்லி, ஒரு அடி ஸ்கேலை எடுத்து நீட்டினான்.

தொலைந்தான் என்று நினைத்தேன். மேனேஜர் ஸ்கேலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "கரெக்ட். எல்லாரும் எல்லாத்தையும் எடுக்கிறதுனாலதான் இங்க டூல் காணாமப் போகுது" என்று பாராட்டிவிட்டுப் போனார். காலண்டர் கடைசிவரை தரையில்தான் சாய்ந்திருந்தது.

இப்படிப்பட்டவனுக்குக் கல்யாணம் செய்துவைக்க அவன் அம்மா அலைந்தார்கள். பதினோரு இடம். ஓரிடத்தில் தாடி, ஓரிடத்தில் கால் ஆட்டம், மற்ற இடங்களில் இவன் வாய். பன்னிரண்டாவது மத்தூரில். இந்த முறை அம்மா ஓசூருக்கே வந்து கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்கள்: "இதுவும் போச்சுன்னா இனிமே நான் ஒரு வாசப்படியும் ஏற மாட்டேன் சாமி. நீ அந்தப் பொட்டிகூடவே குடித்தனம் பண்ணிக்கோ." சொல்லும்போது அழுதார்கள். இவனும் முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுதான். நான் டீ வாங்கிவருவதாகச் சொல்லி வெளியே போய்விட்டேன்.

ஆனால் பாருங்கள், விதி. பெண் பார்க்கும் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஆறு மணிக்கு அந்த விளையாட்டில் நாலு பேரும் ஒரு டிராகன் குகைக்குள் நுழைவதாக ஏற்பாடு. மூன்று மாதத் திட்டம். காயம் ஆற்ற இவனை விட்டால் வேறு ஆள் இல்லை.

"ரெண்டு மணிக்குப் பொண்ணு. மூணுக்கு பஸ் ஏறணும். கிருஷ்ணகிரியில மாறி, அஞ்சரைக்கு ஓசூர். கணக்கு சரியா இருக்கு மச்சான்."

"நாலரைக்கு மேல ராகு காலம்னு அவங்களே சீக்கிரம் அனுப்பிருவாங்க. வாய மட்டும் மூடிட்டு இரு."

பஸ் சூளகிரி தாண்டுவதற்குள் பதினேழு தடவை கடிகாரம் பார்த்தான். கிருஷ்ணகிரியில் பஸ் மாறக் காத்திருந்தபோது நின்ற இடத்திலேயே நடந்தான். அவன் அம்மா முந்தானையால் விசிறிக்கொண்டே, "ஒரு நிமிசம் குந்துடா" என்று கெஞ்சினார்கள். குந்தினான். எழுந்தான்.

மத்தூரில் நல்ல குடும்பம். மாந்தோப்பு வைத்திருப்பவர்கள். பெண்ணின் அப்பா வாயெல்லாம் பல்லாக வரவேற்றார். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை. அந்த வீட்டில் ஒரு பழக்கமாம்: மாம்பழக் காலத்தில் வருகிற சம்பந்தி வீட்டாருக்குப் பழத்தை அறுத்துக் கொடுப்பதில்லை. தட்டில் முழு மல்கோவாவையும் கத்தியையும் வைத்துவிடுவார்கள். மாப்பிள்ளை தன் கையால் அறுத்து முதல் துண்டை மாமனாருக்குக் கொடுக்கவேண்டும். அப்புறம்தான் பெண் வரும், பேச்சு வரும்.

"கூச்சப்படாதீங்க மாப்ள. நம்ம தோப்புப் பழம். அறுங்க."

இவன் கத்தியைப் பார்த்தான். என்னைப் பார்த்தான். விட்ட காய்ச்சல் திரும்பி வந்தவன் மாதிரி நெற்றியெல்லாம் வேர்வை.

"எடுல" என்று காதில் சொன்னேன். "உங்க அம்மாவப் பாருல."

அம்மாவைப் பார்த்தான். கை கத்தி வரைக்கும் போனது. பிறகு என்ன நினைத்தானோ, முஷ்டியை மடக்கி அந்த மல்கோவாவின் தலையில் ஓங்கி ஒரு குத்து!

நன்றாகப் பழுத்த பழம். வெள்ளைச் சட்டையில் பாதி மஞ்சளாகிவிட்டது. மாமனார் மீசையிலிருந்து சாறு சொட்டியது. மீதி இருந்த ஒரு துண்டை இவன் பயபக்தியாக எடுத்து அவர் முன்னால் நீட்டினான்.

பெரியப்பாக்கள் எழுந்துவிட்டார்கள். "என்னய்யா ஆளு இது? பழத்தக் குத்துறான்!" அம்மா தலையில் கை வைத்துக்கொண்டார்கள். போச்சு, பன்னிரண்டும் போச்சு என்று நான் என் செருப்பைத் தேடினேன்.

அப்போது காபித் தட்டோடு அந்தப் பெண் வந்து நின்றாள். அப்பாவின் சட்டையைப் பார்த்தாள், உதட்டைக் கடித்துச் சிரிப்பை அடக்கினாள். தட்டை வைத்துவிட்டு இவனை நேராகக் கேட்டாள்: "ஏங்க, கத்தி புடிக்க மாட்டீங்களா?"

வாயை மூடு என்று கண்ணாலேயே கும்பிட்டேன். அவன் எங்கே கேட்டான்? பூசாரி, குகை, கதாயுதம், பிளேடு, எல்லாவற்றையும் கொட்டினான். ஒரு பெரியப்பா, "பைத்தியம்ங்க. அனுப்பிரலாம்" என்றார்.

"கொஞ்சம் இருங்க பெரிப்பா" என்றாள் அவள். மாங்கூழ் கம்பெனியில் பழம் அறுக்கும் பகுதிக்கு அவள்தான் சூப்பர்வைசராம். "நான் சீசன் பூரா கத்தியோடயே இருக்கிறவ. என்னைய எந்த கிளாஸ்ல போடுவீங்க?"

எண்ணூறு பேருக்குக் கேட்காமல் கிளாஸ் போட்டவன் இவன். இப்போது திக்கினான். "அத நான் போடக் கூடாதுங்க. நீங்கதான் சொல்லணும்."

"அப்ப யோசிச்சுச் சொல்றேன். மொதல்ல என்னென்ன இருக்குன்னு சொல்லுங்க."

சொன்னான். ஒவ்வொரு கிளாஸாக, ஒவ்வொரு ஆயுதமாக. அவள் குறுக்குக் கேள்வி கேட்டாள். மண்டையைப் பிளந்தால் ரத்தம் வராதா என்று அவளும் கேட்டாள். மூன்றாயிற்று, நாலாயிற்று. மாமனார் சட்டை மாற்றிக்கொண்டு வந்து உட்கார்ந்து, அவரும் கேட்க ஆரம்பித்தார். நான் கடிகாரத்தைக் காட்டினேன். என்னை யாரென்று தெரியாதவன் மாதிரி பார்த்தான். ராகு காலமும் போனது, ஆறு மணியும் போனது. நாங்கள் ஓசூர் வந்து சேர்ந்தபோது கடைத்தெருவே அடங்கிவிட்டது.

மறுநாள் சென்டரில் அவன் பின்னால் நின்று பார்த்தேன். டிராகன் மூன்று பேரையும் தின்றுவிட்டிருந்தது. மூன்று பாஷையில் திட்டு. இவன் 'மன்னிக்கவும், பெண் பார்க்கப் போயிருந்தேன்' என்று அடித்தான். திட்டு நின்றது. 'அவள் என்ன கிளாஸ்?' என்று ஒருவன் கேட்டான். இவன் ஒற்றை விரலால் மெதுவாக அடித்தான்: 'இன்னும் சொல்லவில்லை. காத்திருக்கிறேன்.'

எட்டு நாள். கம்பெனி கேட்டில் டெலிபோன் அடிக்கும்போதெல்லாம் டூல் ஸ்டோரைத் திறந்து போட்டுவிட்டு ஓடினான். சோறு இறங்கவில்லை. ஒன்பதாம் நாள் வாட்ச்மேன் கூப்பிட்டார். நானும் கூடவே ஓடினேன். ரிசீவரில் அவள் குரல் எனக்கே கேட்டது.

"நான் போர்வீரன் கிளாஸ்ங்க. அடிதடி எல்லாம் நான் பாத்துக்கறேன். நீங்க காயத்துக்கு மருந்து போடுங்க, போதும். அப்பாகிட்டயும் சொல்லிட்டேன்."

"சரிங்க" என்றான். ரிசீவரை வைத்துவிட்டு, வாட்ச்மேன் ஸ்டூலில் உட்கார்ந்து, தாடியெல்லாம் நனைய அழுதான்.

அவனைத் திட்டியே மூன்று வருடத்தைக் கழித்தவன் நான். அவன் தோளில் கைபோட்டு நின்றபோதுதான், இந்தக் கிறுக்கனுக்கு நல்லது நடக்கவேண்டும் என்று எத்தனை நாளாக நான் வேண்டிக்கொண்டிருந்தேன் என்பது எனக்கே தெரிந்தது.