இன்டர்வெல் சொன்ன ஜப்பான் படம்

பாகூர் கொம்யூன் கிராமங்களில் போலீசுக்குப் பயப்படாதவனும் சேலியமேடு ‘இன்டர்வெல்’லுக்குப் பயப்படுவான். இத்தனைக்கும் அவர் சலூன்காரர். நனைத்து நிறுத்தாலும் ஐம்பது கிலோ தேறமாட்டார்.

சவரம் செய்துகொண்டே சினிமாக் கதை சொல்வார். ஒரு கன்னம் முடிந்ததும், ‘இன்டர்வெல்’ என்று டீ குடிக்கப் போய்விடுவார். மறு கன்னத்து நுரை காயும்வரை காத்திருக்க வேண்டும். ஒரு மாப்பிள்ளை அப்படிக் காத்திருந்து முகூர்த்தத்தையே தவறவிட்டான்.

அவருக்கு இருந்த ஒரே துணை ஒரு செவலை நாய். ஒரு தீபாவளியன்று அதன் வாலில் யாரோ சரவெடி கட்டிக் கொளுத்தினார்கள். மிரண்டு ஓடி, கரும்பு டிராக்டரில் அடிபட்டுச் செத்தது.

யாரோ இல்லை, என் மகன். ஒன்பதாம் வகுப்பு. நாலு அறை விட்டதும் ஒத்துக்கொண்டான். அப்போதே போய்ச் சொல்லியிருக்க வேண்டும். ஊர் காறித் துப்பும் என்று வாயை மூடிக்கொண்டேன். கோழைத்தனம்தான்.

அடுத்த வாரம் சவரத்துக்குப் போனால் புதுக்கதை. போனில் பார்த்த ஜப்பான் படமாம்.

“ஒரு பொம்பளயோட புள்ளய ஸ்கூல் பையன் ஒருத்தன் கொன்னுட்டான்பா. சின்ன வயசு, சட்டம் ஒண்ணும் பண்ணாது. அவ போலீசுக்கும் போவல, அடிக்கவும் இல்ல.”

“அப்புறம் இன்னாண்ணா பண்ணா?” என்று கேட்டேன்.

“அவன் சோறு துண்ணும்போது வந்து எதிர்ல நின்னு சிரிப்பா. அவ்ளோதான். பையன் பாதியா எளச்சிட்டான். இன்டர்வெல்!”

அந்தக் கதை ஊர் சுற்றி என் மகன் காதுக்கும் போயிருந்தது. வீட்டில் அவனும் இளைத்துக்கொண்டிருந்தான். தெருவில் போகும்போது அவர் எல்லோரையும் பார்த்துச் சிரிப்பார், இவனையும்தான். இவன் சோற்றை விட்டு எழுந்துவிடுவான்.

முடி வெட்டாமல் வரக்கூடாது என்று பள்ளிக்கூடத்தில் துரத்திவிட்டார்கள். பாகூருக்கு அழைத்துப் போனால் சந்தேகம் வரும். இவரிடமே உட்கார வைத்தேன். பாதித் தலை முடிந்தது. பின்கழுத்தில் கத்தி பட்டதுதான் தாமதம், பையன் வெடித்து அழுதான்.

“நாந்தான் மாமா வெடி கட்னேன்!”

கத்தி நின்றது.

“தெரியும்டா. சவரத்துக்கு ஒக்காந்தா உங்கப்பன் கன்னம் நடுங்குது. அவன் என்னிக்கி அப்டி நடுங்கனான்?”

“அந்தப் பையன கடைசீல இன்னா பண்ணாங்க மாமா?”

“எவன் கண்டான்? பாதியில டேட்டா தீந்துபோச்சி. மீதிய நானா சொல்லிக்கினு கெடந்தேன்.” கண்ணைத் துடைத்துக்கொண்டு கத்தியை மடித்தார். “இன்டர்வெல். மீதித் தல அடுத்த ஞாயித்துக்கெழம. வூட்டுக்குப் போ.”

“வேற கடைக்கு இட்டுக்கினு போப்பா,” என்று பையன் கெஞ்சினான்.

“போனா கால ஒடிப்பேன்,” என்றேன்.

ஒரு வாரம் பாதித் தலையோடு பள்ளிக்குப் போனான். வாத்தியார் உட்படக் கேட்டவர்களுக்கெல்லாம் காரணத்தைச் சொன்னான். ஊர் காறித்தான் துப்பியது, என்னையும் சேர்த்து. ஞாயிற்றுக்கிழமை தனியாகவே சலூனுக்குப் போனான். அங்கே என்ன பேசினார்களோ, அன்று வந்து இரண்டு தட்டு சோறு சாப்பிட்டான்.

இப்போது அவனுக்குச் சென்னையில் வேலை. அங்கே முடி வெட்டிக்கொள்வதில்லை. மாதம் ஒருமுறை பஸ்ஸை விட்டு இறங்கினால் வீட்டுக்கு வராமல் நேரே சலூன்தான். காணோமே என்று போய்ப் பார்த்தால், பாதித் தலையோடு அவர் பக்கத்தில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருப்பான். நான் சத்தம் காட்டாமல் திரும்பிவிடுவேன்.