ஆகட்டும் என்று எழுதியிருந்தது, முடியாது என்று பேசினான்

மதிப்புக்குரிய அண்ணன் தோகுசோ அவர்களுக்கு, தம்பி இசாகு பணிந்து எழுதுவது. பனி உருகித் தெருவெல்லாம் சேறாகிக் கிடக்கும் இந்நாளில் தாங்களும் அண்ணியும் சளி இருமல் இல்லாமல் சுகமாயிருக்க வேண்டுகிறேன். இங்கே உடம்புக்கு ஒரு குறையுமில்லை. மானம்தான் போய்விட்டது.

தாங்கள் பார்த்துப் பேசிய சம்பந்தம், அந்த மிசோ சோயா விழுது விற்கும் கடைக்காரரின் இரண்டாவது மகன், எங்களுக்கு வீட்டோடு மாப்பிள்ளையாக வந்து மரச்செருப்புக் கடையையும் குடும்பப் பெயரையும் காப்பாற்றப் போகிறவன், அவன் பேரை எடுத்தாலே என் மகள் மிசாயோ சோற்றுக் கிண்ணத்தை மூடி வைத்துவிடுகிறாள். சரி, நாம் சொன்னால் ஏறாது, படம் பார்த்தாவது புத்தி வரட்டும் என்று, அப்பா சொல்லுக்காகத் தன் ஆசையை விட்டுக்கொடுக்கிற ஒரு பெண்ணின் ஊமைப்படத்துக்கு அவளையும், என் மனைவி சுனேயையும், சம்பந்தம் பேசும் ஓகுரா அம்மாளையும் கூட்டிக்கொண்டு போனேன். திரையில் அந்தப் பெண் அப்பா முன்னால் மண்டியிட்டுத் தலை குனிகிறாள். "ஆகட்டும் அப்பா" என்று கொட்டை எழுத்தில் போடுகிறார்கள். திரைக்குப் பக்கத்தில் நின்று படத்தில் வருகிற எல்லாருக்குமாகக் குரல் கொடுத்துப் பேசுகிறானே, அந்தப் படுபாவி, எழுத்தைத் திரும்பியும் பார்க்காமல், "முடியாதுப்பா! என்னால முடியவே முடியாது!" என்று அழுதான் பாருங்கள், கொட்டகையே கைதட்டுது, எல்லாருக்கும் மேலே என் பொண்ணு தட்டறா, ஓகுரா அம்மா கைக்குட்டையைப் பிழிஞ்சுக்கிட்டே, "ஐயோ பாவம், நாம எதுக்குங்க உங்க பொண்ணை வற்புறுத்தணும்?"னு என்னையே கேக்கறாங்க!

விட்டேனா? படம் முடிந்ததும் நேரே போய் அவனைப் பிடித்தேன்.

"ஏன்யா, எழுத்துல ஆகட்டும்னுதானே இருக்கு?"

"இருக்கட்டுமே ஐயா. அந்தப் பொண்ணு மூஞ்சியைப் பாத்தீங்களா? ஆகட்டும்னு சொல்ற மூஞ்சியா அது?"

என்ன திமிர்! மூஞ்சியைப் பார்த்துத்தான் முடிவு செய்வதென்றால் இந்த நாட்டில் ஒரு கல்யாணமாவது நடக்குமா?

ஆகவே தாங்கள் உடனே ரயிலேறி வந்து, மிசாயோவை உட்காரவைத்து நாலு வார்த்தை சொல்லி, நிச்சயத்துக்கு நாள் குறித்துத் தர வேண்டும். தங்கள் மூட்டுவலி தணியக் கோயிலில் வேண்டிக்கொண்டிருக்கிறேன். அண்ணிக்கு என் வணக்கங்கள்.

என்றும் தங்கள் சொல் தட்டாத தம்பி,
இசாகு

பி.கு.: ரயிலேற வேண்டாம். அவன் சொன்னது பொய் என்று நிரூபிக்க, இன்று தனியாக அதே படத்துக்குப் போய், எழுத்தை விட்டுவிட்டு அந்தப் பெண்ணின் மூஞ்சியை மட்டும் பார்த்தேன். பாவி சொன்னது நிஜம்தான். திரும்பும் வழியிலேயே ஓகுரா அம்மாளிடம் இந்தச் சம்பந்தம் வேண்டாமென்று சொல்லிவிட்டேன். கோபமெல்லாம் என்மேல் இருக்கட்டும், பெண்ணை ஒன்றும் சொல்லாதீர்கள். இருபத்து மூன்று வருஷத்துக்கு முன்னால் என்னை இந்த வீட்டோடு மாப்பிள்ளையாக அனுப்பினபோது, அண்ணா, நீங்களாவது என் மூஞ்சியை ஒரு தடவை பார்த்திருக்கலாம். இதை வாங்கிப் படித்துவிட்டு சுனே கேட்கிறாள்: "என் மூஞ்சியை மட்டும் யாரு பாத்தாங்களாம்?"